கதவருகே இருக்கும் பிள்ளை

(அப்டன் பார்க்கில் தமிழ்ப் பெற்றோர்கள் கூடிய ஒரு ஞாயிறு மாலைக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



ஏழைப் பிள்ளை என்றதும் நமக்குக் கிழிந்த சட்டையும் வெறுங்காலும்தான் ஞாபகத்துக்கு வரும். நம்மில் பலர் ஊரில் அப்படிப்பட்ட பிள்ளைகளோடு வளர்ந்தவர்கள். சிலர் அப்படியே வளர்ந்தவர்கள். ஆனால் வெளியே இந்தக் கிரீன் ஸ்ட்ரீட்டில் காலை எட்டரை மணிக்கு நின்று பாருங்கள். ஒரே நிறச் சீருடை, முதுகில் ஒரே மாதிரிப் பை, தலைவாரிப் பொட்டு வைத்த பிள்ளைகள் சாரைசாரையாகப் பள்ளிக்குப் போகிறார்கள். இரண்டு பக்கமும் நகைக்கடையும் புடவைக்கடையும். யார் வீட்டில் நேற்றிரவு வெறும் பாணும் சம்பலும், யார் வீட்டில் தட்டு பறந்தது என்று உங்களால் சொல்ல முடியாது. சீருடை மறைத்துவிடும். பிள்ளையும் மறைத்துவிடும். பிள்ளை எப்படி மறைக்கிறது, அதற்கு என்ன விலை கொடுக்கிறது என்பதைத்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிவிடுகிறேன். இந்த ஊர் ஏழ்மை வேலை செய்யாதவர்களின் ஏழ்மை அல்ல. கிழக்கு லண்டனில் நாம் வாழும் இந்த நியூஹாமில் கஷ்டப்படுகிற பெரும்பாலான வீடுகளில் ஒருவராவது வேலைக்குப் போகிறார். பெட்ரோல் நிலையத்தில் இரவு வேலை, முதியோர் இல்லத்தில் பராமரிப்பு, கிடங்கில் பெட்டி தூக்குவது, ஊபர் ஓட்டுவது, இவைதான் நம் ஆட்களின் வேலை. சம்பளம் வருகிறது, வந்த அன்றே வாடகைக்குப் போகிறது. அதனால்தான் இந்த நாட்டில் வறுமையைக் கணக்கிடும்போது வீட்டுச் செலவு போக மிச்சம் என்ன என்று பார்க்கிறார்கள். அந்த மிச்சம் நாட்டின் இடைநிலை வருமானத்தில் 60 சதவீதத்துக்குக் கீழே இருந்தால் அது ஏழை வீடு. அப்படிக் கணக்கிட்டால் லண்டனில் பிள்ளை வறுமை மிகுந்த பகுதிகளில் ஒன்று நம் பகுதி. கவுன்சில் கொடுத்த தற்காலிக இடங்களில் வாழும் குடும்பங்களின் விகிதத்தில் இங்கிலாந்திலேயே முன்னால் நிற்பதும் நியூஹாம்தான். இதற்கு நடுவில் 2017 ஏப்ரல் 6 முதல் பிறந்த மூன்றாவது பிள்ளைக்கு, வருமானம் பார்த்துத் தரும் அரசு உதவித்தொகையில் பங்கில்லை என்று ஒரு விதி வந்தது. அதை 2026 ஏப்ரலோடு எடுத்துவிடுவதாக 2025 நவம்பரில் அறிவித்தார்கள். நடுவில் போன ஒன்பது வருடம் ஒரு பிள்ளையின் முழுத் தொடக்கப் பள்ளிக் காலத்தைவிட நீளம். அதை யாரும் திருப்பித் தரப் போவதில்லை.

இனி ஒரு பிள்ளையைச் சொல்கிறேன். இவள் ஒருத்தி இல்லை. சனிக்கிழமைத் தமிழ் வகுப்புகளில் பல வருடங்களாகப் பார்த்த பலரைச் சேர்த்து, அடையாளம் தெரியாதபடி ஒருத்தியாக்கியிருக்கிறேன். வயது பத்து. ஒரு வீட்டில் மூன்று குடும்பம். இவர்களுக்கு மாடியில் ஓர் அறை, பொதுவான சமையலறை. இவளுக்குக் கீழே ஒரு தம்பி. மின்சாரத்துக்கு முன்பணம் கட்டுகிற மீட்டர். அதன் சாவியை எடுத்துக்கொண்டு மூலைக் கடைக்கு ஓடிப்போய்ப் பணம் ஏற்றி வருவது இவள் வேலை. மீட்டரில் எத்தனை பவுண்டு மிச்சம் இருக்கிறது, அவசரக் கடனுக்குள் போய்விட்டதா என்பதெல்லாம் தகப்பனுக்குத் தெரியாது, இவளுக்குத் தெரியும். குயின்ஸ் மார்க்கெட்டில் எந்த நேரத்துக்குப் போனால் கடைக்காரர் இரண்டு கிண்ணம் தக்காளியை ஒரு கிண்ண விலைக்குத் தள்ளிவிடுவார் என்பதும் தெரியும்.

கவுன்சில் கடிதம் வந்தால் உடைத்து வாசித்து அம்மாவுக்குத் தமிழில் சொல்வதும் இவள்தான். வாடகை பாக்கி இத்தனை, இத்தனாம் தேதிக்குள் கட்டாவிட்டால் நீதிமன்றம் என்று கடிதத்தில் இருக்கும். இவள் பாக்கியைச் சொல்வாள், நீதிமன்றத்தை விழுங்கிவிடுவாள். ஏனென்றால் அதைச் சொன்னால் அம்மா அழுவார். அம்மா அழுதால் அப்பா கத்துவார். அப்பா கத்தினால் தம்பி பாயில் ஒன்றுக்குப் போய்விடுவான். ஒரு வரியை விழுங்கினால் ஓர் இரவு நிம்மதி. பத்து வயதில் போடுகிற கணக்கு இது.

அப்பா வேலை முடிந்து வருகிற சத்தத்தை அவள் கீழ்ப்படியிலிருந்தே பிடித்துவிடுவாள். சாவி ஒரே தடவையில் துவாரத்துக்குள் போகிறதா, தடுமாறுகிறதா? பை தரையில் வைக்கப்படுகிறதா, விழுகிறதா? தடுமாறினால் உடனே தம்பிக்குக் காதில் ஹெட்போனை மாட்டி, டேப்லெட்டில் கார்ட்டூன் போட்டுக் கொடுத்துவிட்டு, கதவுக்கும் தம்பிக்கும் நடுவில் உட்கார்ந்துகொள்வாள். புத்தகம் விரித்திருக்கும், பக்கம் திரும்பாது.

இந்தப் பிள்ளையைப் பற்றி அக்கம்பக்கத்தில் கேட்டால் என்ன சொல்வார்கள்? "பாவம், அந்த வீட்டில் பெரியவர்கள்தான் சரியில்லை. பிள்ளை தங்கம். என்ன பொறுப்பு!" நானும் நீங்களும் கூடச் சொல்வோம். கோயிலில் பார்த்தால் கன்னத்தைத் தட்டி, "இவளைப் பார்த்துப் படி" என்று நம் பிள்ளைகளுக்கும் சொல்வோம். இந்தப் பாராட்டோடுதான் எனக்குச் சண்டை. அவள் செய்வது வேலை. சம்பளமில்லாத, விடுமுறையில்லாத வேலை. அதை நாம் குணம் என்று புகழ்கிறோம்.

இந்த இடத்தில் நம் பக்கத்துத் தொகுதியின் பழைய எம்.பி. ஒருவரைச் சொல்ல வேண்டும். பிளைஸ்டோ, கேனிங் டவுன் எல்லாம் அடங்கிய வெஸ்ட் ஹாம் தெற்குத் தொகுதி, 1892-ல் ஒரு முன்னாள் சுரங்கத் தொழிலாளியை நாடாளுமன்றத்துக்கு அனுப்பியது. பெயர் கெய்ர் ஹார்டி. பிரிட்டிஷ் தொழிற்கட்சியை உருவாக்கியவர்களில் முதன்மையானவர். 1907-ல் இந்தியாவுக்குப் போய், அங்கே ஆட்சி நடக்கிற விதத்தைக் கண்டித்துப் பேசி, இங்கே பத்திரிகைகளிடம் வாங்கிக் கட்டிக்கொண்டவர். அவருடைய அரசியலை விட்டுவிடுவோம். அவருடைய பத்து வயதைப் பார்ப்போம்.

ஸ்காட்லாந்தில் 1856-ல் பிறந்தார். தாய் மேரி கெய்ர் வீட்டு வேலை செய்தவர், மணமாகாமல் பெற்ற பிள்ளை இவர். பிறகு தாய் டேவிட் ஹார்டி என்ற கப்பல் தச்சரை மணந்தார். வேலை இருந்தபோது நல்ல மனிதர்தான். குடித்த நேரத்தில் வீட்டில் சண்டை. பையனின் பிறப்பைச் சொல்லிக் காட்டுவதும் உண்டு என்று ஹார்டியின் வாழ்க்கையை எழுதியவர்கள் சொல்கிறார்கள். 1866-ல் கிளைடு நதிக்கரைக் கப்பல் தளங்களில் முதலாளிகள் கதவடைப்புச் செய்தார்கள். தகப்பனுக்கு மாதக்கணக்கில் வேலை இல்லை. வீட்டுச் சாமான்கள் ஒவ்வொன்றாக விற்பனைக்குப் போயின. ஒரு தம்பி காய்ச்சலில் கிடக்கிறான், தாய் நிறைமாதம். ரொட்டிக் கடையில் எடுபிடியாக இருந்த இந்தப் பையனின் சில ஷில்லிங்தான் வீட்டின் மொத்த வருமானம்.

இரவெல்லாம் தம்பியைப் பார்த்துக்கொண்டு, காலையில் வேலைக்குத் தாமதமாகப் போகிறான். அடுத்த முறையும் தாமதம். முதலாளி மாடியில் குடும்பத்தோடு காலை வழிபாட்டில் இருக்கிறார், காத்திரு என்கிறார்கள். கதவு திறக்கிறது. நல்ல மரத்தில் செய்த மேசை, மேலே நிறையச் சாப்பாடு, சுற்றி உட்கார்ந்த குடும்பம். அவர்கள் முன்னிலையிலேயே வேலையிலிருந்து நீக்கம், வாரச் சம்பளமும் அபராதமாகப் பிடித்தம். மழையில் அலைந்துவிட்டு வீட்டுக்குப் போனான், தாயிடம் எப்படிச் சொல்வது என்று தெரியாமல். இதை அவரே பின்னாளில் பலமுறை சொல்லியிருக்கிறார். ஒன்றைக் கவனியுங்கள். பசியைவிட, சம்பளம் போனதைவிட, வீட்டுக்குப் போய்ச் சொல்வதுதான் அவனுக்குப் பெரிய பாரம். நம் பத்து வயதுக்காரி நீதிமன்றத்தை ஏன் விழுங்கினாள் என்று இப்போது புரிகிறதா?

அதற்குப் பிறகு அவன் சுரங்கத்துக்குப் போனான். நிலக்கரிச் சுரங்கத்தில் சின்னப் பிள்ளைகளுக்கென்று ஒரு வேலை இருந்தது. காற்றோட்டத்துக்காகச் சுரங்கப் பாதைகளில் கதவுகள் வைத்திருப்பார்கள். அவை எப்போதும் மூடியிருக்க வேண்டும். கரிவண்டி வரும்போது மட்டும் திறக்க வேண்டும். அந்தக் கதவருகே ஒரு பிள்ளை, நாளுக்குப் பத்து மணி நேரம், கிட்டத்தட்ட முழு இருட்டில் உட்கார்ந்திருக்கும். உடம்பால் செய்யும் வேலை கொஞ்சம்தான். காதால் செய்யும் வேலைதான் எல்லாம். தூரத்தில் சக்கரம் உருளும் சத்தம் கேட்டதும் எழ வேண்டும். தூங்கிவிட்டால் ஆபத்து, அந்தப் பிள்ளைக்கு மட்டுமில்லை, உள்ளே இருக்கிற எல்லோருக்கும்.

படிக்கட்டில் சத்தம் கேட்கிற பிள்ளைக்கு இதைவிடச் சரியான உவமை எனக்குக் கிடைக்கவில்லை. பத்து வயதுக்குக் குறைந்த சிறுவர்களும், எந்த வயதுப் பெண்களும் நிலத்தடிச் சுரங்கத்தில் வேலை செய்யக் கூடாது என்று 1842-லேயே இந்த நாட்டில் சட்டம் போட்டுவிட்டார்கள். மாடியறையில் கதவு காக்கும் வேலைக்கு எந்த வயது வரம்பும் இல்லை.

இது வெறும் உவமையும் இல்லை. 2011-ல் லண்டன் யூனிவர்சிட்டி கல்லூரியில் ஏமன் மெக்ரோரி என்பவரின் குழு ஓர் ஆய்வை வெளியிட்டது. வீட்டில் வன்முறையோடு வளர்ந்த 20 பிள்ளைகளை, அப்படி இல்லாத 23 பிள்ளைகளோடு ஒப்பிட்டார்கள். கோபமான முகங்களின் படங்களைக் காட்டியபடி மூளையை ஸ்கேன் செய்தார்கள். ஆபத்தை எதிர்பார்க்கிற பகுதிகள் முதல் குழுவில் அதிகமாக விழித்துக்கொண்டன. போர்முனையில் இருந்து வந்த படைவீரர்களின் மூளையில் முன்பு கண்ட அதே போக்கு. இத்தனைக்கும் அந்தப் பிள்ளைகளுக்கு மனநோய் எதுவும் இல்லை. வெளியே பார்த்தால் நன்றாகத்தான் இருந்தார்கள். நம் பத்து வயதுக்காரி மாதிரி.

படைவீரர், போர் என்று சொல்லும்போது இந்த மண்டபத்தில் சிலர் தலை குனிவதைப் பார்க்கிறேன். அதையும் பேசிவிடுவோம். நம்மில் நிறைய அப்பாக்கள் இலங்கைப் போருக்குள்ளிருந்து வந்தவர்கள். தடுப்பு முகாமும் விசாரணையும் பார்த்தவர்கள், கூடப் பிறந்தவரைப் பறிகொடுத்தவர்கள், இங்கே கூட்டிவந்த ஏஜென்சிக்காரனுக்குக் கட்டின கடனை வட்டியோடு பத்து வருடம் அடைத்தவர்கள். இரவு வேலை, நித்திரையில்லாமை, ஊருக்கு அனுப்ப வேண்டிய காசு, கழுத்தை நெரிக்கிற சீட்டு. சீட்டுப் பிடித்தவர் கைவிரித்த வாரங்களில் எத்தனை வீடுகளில் சண்டை நடந்தது என்பது நமக்குத் தெரியும். இதெல்லாம் காரணம். மனைவியை அடிப்பதற்கு இது எதுவும் நியாயம் ஆகாது. போரைக் காரணம் சொல்கிற அப்பாவிடம் நான் கேட்பது இதுதான்: சத்தம் கேட்டதும் பதுங்குவது என்றால் என்னவென்று அனுபவித்துத் தெரிந்தவர் நீங்கள். அதை உங்கள் பிள்ளைக்குப் பழக்கிக் கொடுக்கலாமா?

சண்டையே போடாமல் குடும்பம் நடத்த முடியுமா என்று கேட்பீர்கள். முடியாது, தேவையும் இல்லை. அமெரிக்காவில் மார்க் கம்மிங்ஸ் என்ற உளவியலாளர் பல காலமாக இதையே ஆராய்ந்தவர். பெற்றோர் சண்டை போடுவதைப் பார்த்த பிள்ளைகள் எப்போது அதிகம் கலங்குகிறார்கள்? சண்டை முடியாமல் தொங்கும்போது. இருவரும் பேசித் தீர்த்ததைப் பார்த்துவிட்டால் கலக்கம் வெகுவாகத் தணிகிறது. கதவுக்குப் பின்னால் தீர்த்துக்கொண்டு, வெளியே வந்து பிள்ளையிடம் சொன்னால் கூடப் பலன் இருக்கிறது. நம் வீடுகளில் நடப்பது இதற்கு நேர்மாறு. சண்டை போடும்போது பிள்ளை முன்னால், சமாதானம் ஆகும்போது பிள்ளை தூங்கின பிறகு. மறுநாள் காலையில் எதுவுமே நடக்காதது போலத் தேநீர். இன்னும் சில வீடுகளில் பத்து நாள் பேச்சுவார்த்தை கிடையாது. "அப்பாவிடம் சாப்பிட வரச் சொல்லு", "அம்மாவிடம் பசியில்லை என்று சொல்லு" என்று நாலடி தூரத்துக்குப் பிள்ளைதான் தபால்காரர். அடிதடி இல்லாத வீடு என்று அதற்குப் பெயர். அந்த மௌனமும் பிள்ளைக்குச் சண்டைதான்.

காசுச் சண்டைக்குக் குறிப்பாக ஒன்று. பிள்ளையின் காதில் விழும் வாக்கியங்களைக் கேட்டுப் பாருங்கள். "இதுகளுக்காகத்தான் நான் மாடாய் உழைக்கிறேன்." "இதுகள் இல்லாவிட்டால் எப்பவோ போயிருப்பேன்." நாம் அலுப்பில் சொல்லிவிட்டு மறந்துவிடுகிறோம். பிள்ளை அதைக் கணக்கில் எழுதிக்கொள்கிறது: சண்டைக்குக் காரணம் காசு, காசு போவதற்குக் காரணம் நான். அதன் பிறகு பள்ளிச் சுற்றுலாக் கடிதத்தை வீட்டுக்குக் கொண்டுவராமல் குப்பைத் தொட்டியில் போடும். காலணி கடித்தால் சொல்லாது. "என் பிள்ளை எதுவும் கேட்காது" என்று நாம் பெருமையாகச் சொல்லிக்கொள்வோம்.

இப்படி வளர்கிற பிள்ளைகள் என்ன ஆகிறார்கள்? கஷ்டப்பட்டவன் முன்னேறுவான் என்கிற கதை நமக்கு ரொம்பப் பிடிக்கும். ஹார்டியையும் அப்படியே சொல்லி முடித்துவிட்டுக் கைதட்டு வாங்கலாம். ஆனால் அது முழுக்கதை இல்லை. அதனால் இன்னொருவரையும் சொல்கிறேன், இன்னும் பக்கத்தில் வாழ்ந்தவர். கவிஞர் பெஞ்சமின் ஸெஃபனையா. பர்மிங்ஹாமில் 1958-ல் பிறந்தார், 2023 டிசம்பரில் இறந்தார். நடுவில் நீண்ட காலம் இதோ ஈஸ்ட் ஹாமில் வாழ்ந்தவர். அவருடைய முதல் கவிதைப் புத்தகத்தை 1980-ல் வெளியிட்டதே நியூஹாமில் இருந்த ஒரு சின்னக் கூட்டுறவுப் பதிப்பகம்தான். தகப்பன் தாயை அடிக்கிற வீடு. ஒரு கட்டத்தில் தாயும் அவரும் வீட்டைவிட்டு ஓடி, இடம் மாறி இடம் மாறி வாழ்ந்தார்கள். பதின்மூன்று வயதில் பள்ளிக்கூடம் முடிந்தது, சரியாக எழுதப் படிக்கத் தெரியாமல். பிறகு சிறை. பிறகு கவிதை, உலகப் புகழ். இதுவரை நமக்குப் பிடித்த கதை. ஆனால் 2018-ல் தன் வாழ்க்கை வரலாறு வந்த சமயத்தில், இளமையில் தானும் ஒரு காதலியை அடித்திருப்பதாக அவரே வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். சிலர் கோபப்பட்டார்கள், அது நியாயம்தான். எனக்கு அந்த ஒப்புதல் முக்கியமாகப் படுகிறது. தாய் அடிவாங்குவதைப் பார்த்துத் துடித்த பிள்ளை, பெரியவனானதும் தானாகவே மென்மையானவன் ஆகிவிடுவதில்லை. துன்பம் பிள்ளையைப் புடம்போடும் என்பது பெரியவர்கள் தங்கள் வசதிக்காக வைத்திருக்கும் நம்பிக்கை.

அதற்காக விதி எழுதப்பட்டுவிட்டது என்றும் இல்லை. ஹவாயில் கவாய் என்று ஒரு தீவு. அங்கே 1955-ல் பிறந்த 698 குழந்தைகளை எமி வெர்னர் என்ற ஆய்வாளரும் ரூத் ஸ்மித்தும் பத்தாண்டுக் கணக்கில் பின்தொடர்ந்தார்கள். வறுமை, குடி, பெற்றோர் சண்டை என்று பல ஆபத்துகள் ஒன்றாகச் சேர்ந்த பிள்ளைகளில் ஏறக்குறைய மூன்றில் ஒருவர் நல்லபடியாக வளர்ந்தார்கள். மற்றவர்களிலும் கணிசமானோர் முப்பதுகளில், நாற்பதுகளில் நிமிர்ந்துகொண்டார்கள். தாங்கி நின்ற பிள்ளைகளிடம் திரும்பத் திரும்பக் காணப்பட்ட ஒன்று, நிலையாக நம்பக்கூடிய ஒரு பெரியவர். தாய் தகப்பனாகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை. பாட்டி, சித்தி, ஆசிரியை, பக்கத்து வீட்டுக்காரர், யாராகவும் இருக்கலாம்.

யோசித்துப் பாருங்கள், ஊரில் நமக்கு இது கேட்காமலே கிடைத்தது. வீட்டில் சண்டை என்றால் வேலி தாண்டினால் மாமி வீடு. "இங்க இரு பிள்ளை, சாப்பிட்டுட்டுப் போகலாம்" என்று ஒரு குரல். அங்கே யாரும் விசாரணை நடத்தவில்லை, ஆலோசனை சொல்லவில்லை. ஒரு தட்டு சோறும் இரண்டு மணி நேரமும் கொடுத்தார்கள், அந்த இரண்டு மணி நேரம் பிள்ளை காதைத் தளர்த்தி வைத்தது. இங்கே வேலியும் இல்லை, மாமியும் இல்லை. ஒரே கூரைக்குக் கீழே மூன்று குடும்பம் இருந்தும், அடுத்த அறைக்காரர் சத்தம் கேட்டால் டிவி ஒலியைக் கூட்டிக்கொள்கிறார். அவரைக் குறை சொல்வதற்கில்லை. அவருக்கும் வீட்டுக்காரரிடம் பயம்.

சோறு என்றதும் ஒரு கிளைக்கதை. ரொட்டிக்கடைப் பையன் ஹார்டி நாடாளுமன்றத்தில் தொழிற்கட்சியின் தலைவராக இருந்த 1906-ல்தான், பள்ளிப் பிள்ளைகளுக்கு உணவு கொடுக்க உள்ளாட்சிகளை அனுமதிக்கும் சட்டம் வந்தது. மசோதாவைக் கொண்டுவந்தது அவர் கட்சி உறுப்பினர் ஒருவர். தமிழ்நாட்டுப் பக்கம் பார்த்தால், 1920-ல் சென்னை மாநகராட்சி, சர் பிட்டி தியாகராயர் காலத்தில், ஆயிரம் விளக்குப் பள்ளியில் மதிய உணவைத் தொடங்கியது. 1956-ல் காமராஜர் அதை மாநிலமெங்கும் கொண்டுபோனார். 1982-ல் எம்.ஜி.ஆர். சத்துணவாக விரிவாக்கினார். கண்டியில் பிறந்து, தகப்பனை இழந்து, கும்பகோணத்தில் பசியோடு வளர்ந்து, அந்தப் பசிக்காகவே சிறுவயதில் நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர் அவர். 2022-ல் அங்கே காலை உணவும் சேர்ந்தது. யாழ்ப்பாணத்துக்காரர்களுக்குப் பள்ளிக்கூடத்தில் வாங்கித் தின்ற பணிஸ் ஞாபகம் இருக்கும். இங்கே நியூஹாமில் 2009-ல் ஒரு சோதனை ஆரம்பித்தது: தொடக்கப் பள்ளியில் வருமானம் பார்க்காமல் எல்லாப் பிள்ளைக்கும் இலவச மதிய உணவு. மற்ற இடப் பிள்ளைகளோடு ஒப்பிட்டால் படிப்பில் சுமார் இரண்டு மாத முன்னேற்றம் தெரிந்தது. அரசு பணம் நின்ற பிறகும் கவுன்சில் அதைக் கைவிடவில்லை. 2023 செப்டம்பரிலிருந்து லண்டன் முழுக்க அப்படியே.

இதில் எனக்குப் பிடித்தது, வருமானம் பார்க்காமல் என்பது. படிவம் நிரப்பி, நான் ஏழை என்று நிரூபித்து வாங்குகிற சோறு என்றால் நம் பத்து வயதுக்காரி அந்தப் படிவத்தையும் வீட்டுக்குக் கொண்டுவராமல் கிழித்துப் போட்டிருப்பாள். மேல்நிலைப் பள்ளியில் அந்தப் படிவம் மறுபடி வந்துவிடுகிறது. பதினொரு வயதில் பசி குறையும் என்று யார் சொன்னது?

சரி, சட்டத்துக்கு வருகிறேன். இதில்தான் நம்மிடம் பயமும் தவறான தகவலும் அதிகம். "வெளியே சொன்னால் சோஷியல் சர்வீஸ் வந்து பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போய்விடும்." இதைக் கேட்காத தமிழ் வீடு இல்லை. இந்தப் பயத்துக்கு வரலாற்றில் வேர் இருக்கிறது, நம்முடைய வரலாற்றில் மட்டுமில்லை. ஒரு காலத்தில் ஏழை என்பதற்காகவே இந்த நாட்டில் பிள்ளைகளைப் பிரித்துப் பெரிய விடுதிப் பள்ளிகளில் அடைத்தார்கள். அப்படி ஒன்று பக்கத்து ஃபாரஸ்ட் கேட்டில் இருந்தது. 1890 ஜனவரி 1 அதிகாலை அங்கே தீப்பிடித்து 26 சிறுவர்கள் இறந்தார்கள். ஆகவே பயப்படுகிறவரைப் பார்த்து நான் சிரிக்க மாட்டேன். ஆனால் இன்றைய நிலை வேறு. 1989-ன் குழந்தைகள் சட்டப்படி, பிள்ளையைப் பராமரிப்பில் எடுக்க நீதிமன்ற உத்தரவு வேண்டும். குறிப்பிடத்தக்க தீங்கு நடக்கிறது அல்லது நடக்கும் என்று காட்ட வேண்டும். வீட்டில் காசில்லை என்பது அதற்குப் போதாது. அதே சட்டத்தின் 17-ஆம் பிரிவுதான், தேவையில் இருக்கும் பிள்ளைக்கு உதவும் பொறுப்பைக் கவுன்சிலுக்குக் கொடுக்கிறது. விசாவில் "அரசு நிதி பெறக் கூடாது" என்று இருக்கிற குடும்பங்கள், தங்களுக்கு எந்தக் கதவும் இல்லை என்று நினைத்துக்கொள்கிறார்கள். 17-ஆம் பிரிவு உதவி அந்தத் தடைக்குள் வராது. அந்தக் குடும்பத்துப் பிள்ளைகளுக்கும் வருமானம் குறைவென்றால் இலவசப் பள்ளி உணவு 2022-லிருந்து நிரந்தரமாக உண்டு. பிரிட்டிஷ் குடியுரிமையோ நிரந்தரமாகத் தங்கும் அனுமதியோ உள்ள கணவனை நம்பி மனைவி விசாவில் வந்த பெண்ணுக்கு, வன்முறையால் உறவு முறிந்தால், மூன்று மாதம் அரசு உதவி பெற்று நிரந்தரமாகத் தங்கும் அனுமதிக்கு விண்ணப்பிக்க 2012-லிருந்து ஒரு வழி இருக்கிறது. சவுத்ஹால் பிளாக் சிஸ்டர்ஸ் போன்ற பெண்கள் அமைப்புகள் வருடக்கணக்கில் போராடி வாங்கிய வழி அது. "விசாவை ரத்து செய்துவிடுவேன்" என்று மிரட்டுகிற ஆளுக்கு இது தெரியாது. அல்லது தெரிந்துதான் மறைக்கிறார்.

இன்னும் ஒன்று. 2021-ன் குடும்ப வன்முறைச் சட்டம், வீட்டில் வன்முறையைப் பார்க்கிற, கேட்கிற, அதன் விளைவை அனுபவிக்கிற பிள்ளையையே பாதிக்கப்பட்டவராகச் சொல்கிறது. கேட்கிற என்ற அந்தச் சொல் சட்டத்திலேயே இருக்கிறது. "பிள்ளைக்கு ஒன்றும் தெரியாது, அடுத்த அறையில் இருந்தது" என்பது இனிச் செல்லாது. பிளிமத் நகரில் 2011-ல் ஒரு போலீஸ்காரரும் தலைமை ஆசிரியையான அவர் மனைவியும் ஓர் ஏற்பாட்டைத் தொடங்கினார்கள். இரவில் ஒரு வீட்டுக்குப் போலீஸ் போனால், மறுநாள் பள்ளி தொடங்கும் முன் அந்தப் பிள்ளையின் பள்ளிக்குத் தகவல் போய்விடும். ஆபரேஷன் என்கம்பஸ் என்று பெயர். இன்று நாடெங்கும் பரவியிருக்கிறது. பள்ளி செய்வது பெரிதாக ஒன்றுமில்லை. அன்றைக்கு வீட்டுப்பாடம் ஏன் செய்யவில்லை என்று கத்தாமல் இருப்பார்கள், காலை உணவு கொடுப்பார்கள், தூங்கிவிழுந்தால் விடுவார்கள்.

போலீஸ் போகாத வீடுகள்தான் அதிகம். அங்கே பள்ளிக்கு ஒன்றும் தெரியாது, தெரிந்தவர்கள் நாம்தான். ஆகவே கடைசியாக, ஒரு பிள்ளை உங்களிடம் வாய் திறந்தால் என்ன செய்வது என்று சொல்லிவிட்டு உட்காருகிறேன்.

பிள்ளை நேராகச் சொல்லாது. "இன்றைக்கு இன்னும் கொஞ்ச நேரம் உங்கள் வீட்டில் இருக்கலாமா அன்டி" என்று கேட்கும். இருக்கச் சொல்லுங்கள். பிறகு ஏதாவது சொன்னால் கேளுங்கள். "அப்பா அப்படிப்பட்டவர் இல்லையே" என்று வக்காலத்து வாங்க வேண்டாம். "யாரிடமும் சொல்ல மாட்டேன்" என்று சத்தியம் செய்யவும் வேண்டாம், அதைக் காப்பாற்ற முடியாமல் போகலாம். "இது உன்னால் நடக்கவில்லை. நீ என்னிடம் சொன்னது சரி" என்ற இரண்டு வாக்கியம் போதும். கடிதம் வாசிக்கிற பிள்ளையென்றால், அடுத்த கடிதத்தை என்னிடம் கொண்டுவா என்று அம்மாவிடம் சொல்லி அந்த வேலையை நீங்கள் எடுத்துக்கொள்ளுங்கள். ஆங்கிலம் தெரிந்த நம்மில் ஒவ்வொருவரும் ஒரு வீட்டின் கடிதத்தை எடுத்துக்கொண்டால், இந்த வட்டாரத்தில் எத்தனை பிள்ளைகளுக்கு ஒரு பாரம் இறங்கும்! மருத்துவரிடம் போனால் மொழிபெயர்ப்பாளர் கேட்கலாம், அது இலவசம். தாயின் கருப்பை நோவைப் பத்து வயது மகனை வைத்துச் சொல்ல வேண்டியதில்லை. அடி, காயம், உயிர்ப் பயம் என்றால் தாமதிக்காமல் 999. பள்ளியில் பிள்ளைப் பாதுகாப்புக்கென்றே ஒரு பொறுப்பாசிரியர் இருப்பார், அவரிடமும் பேசலாம்.

இரண்டு எண்கள் பின்சுவரில் ஒட்டியிருக்கின்றன. சைல்டுலைன் 0800 1111. 1986-லிருந்து இயங்குகிறது, பிள்ளைகள் தாங்களே அழைக்கலாம், காசில்லை, தொலைபேசிக் கட்டணச் சீட்டில் அந்த எண் வராது. கடைசியாகச் சொன்னதைப் பிள்ளைகளிடம் மறக்காமல் சொல்லுங்கள், அவர்கள் முதலில் பயப்படுவது அதற்குத்தான். மற்றது பெண்களுக்கானது, தேசியக் குடும்ப வன்முறை உதவி எண் 0808 2000 247, இருபத்துநான்கு மணி நேரமும். ஆங்கிலம் வராவிட்டால் தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று கேளுங்கள். அந்தத் தாளைப் படம் எடுத்துப் போனில் வைத்திருக்கத் தயங்குகிறவர்கள் இருக்கலாம், போனைப் பார்க்கிறவர் யாராவது வீட்டில் இருந்தால். அவர்களுக்காகச் சின்னச் சீட்டுகளாக வெட்டிப் பெண்கள் கழிவறையிலும் வைத்திருக்கிறோம். கேள்விகளைக் கூட்டத்தில் கேட்க விருப்பமில்லாதவர்கள், தேநீர் இடைவேளையில் என்னிடம் பிள்ளையின் தமிழ்ப் படிப்பைப் பற்றிக் கேட்பது போல வந்து பேசலாம்.